அரிக்கொம்பன்: ஒரு காட்டு யானையும் மனிதர் அதன்மேல் ஏற்றிய உருவங்களும்

2023 ஏப்ரல் 29 அன்று, கேரளத்தின் இடுக்கி மாவட்டத்திலுள்ள சின்னக்கானலில் ஓர் ஆண் காட்டு யானை மயக்க ஊசி செலுத்திப் பிடிக்கப்பட்டது. அடுத்த ஆறு வாரங்களுக்குள் அது இருமுறை லாரியில் ஏற்றப்பட்டு, இரண்டு மாநிலங்களின் மூன்று புலிகள் காப்பகங்களைக் கண்டு, ஒரு நகரத்தின் தெருக்களிலும் ஓடியது. கேரள உயர் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம், சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ஆகிய மூன்றும் அதைப் பற்றிய மனுக்களை விசாரித்தன. அரிசிக்காகக் கடைகளையும் வீடுகளையும் உடைத்ததால் அரிக்கொம்பன் என்று பெயர் பெற்ற அந்த யானை, அந்தக் கோடைக்காலத்தில் தென்னிந்தியாவில் அதிகம் பேசப்பட்ட உயிர்களுள் ஒன்றாக இருந்தது.

நடந்தவற்றை வரிசைப்படுத்திப் பார்க்கும்போது எனக்கு உறுதியாகத் தோன்றுவது ஒன்று. ஒரே யானையைச் சிலர் தெய்வமாகவும், சிலர் நாயகனாகவும், சிலர் கொலைகாரனாகவும் கண்டார்கள். பிடிப்பதா, விடுவதா, எங்கே விடுவது என்ற வாதங்கள் பெரும்பாலும் இந்த உருவங்களைச் சுற்றியே நடந்தன. அந்த யானை நடந்த நிலத்தைப் பற்றிய கேள்வி அந்த இரைச்சலில் பின்னுக்குப் போய்விட்டது. யானையைப் பற்றி மனிதர் நூற்றாண்டுகளாகச் சேர்த்து வைத்திருக்கும் அர்த்தங்கள் ஓர் உண்மையான விலங்கின் விதியை எப்படித் திருப்புகின்றன என்பதை அறிய, இதைவிடத் தெளிவான நிகழ்வு நம் காலத்தில் அரிது.

நிலம்

சின்னக்கானல், சாந்தன்பாறை ஊராட்சிகள் மூணாற்றிலிருந்து தேனிக்கு இறங்கும் மலைப்பகுதியில் அமைந்தவை. தேயிலை, ஏலம், யூகலிப்டஸ் தோட்டங்கள், அவற்றுக்கு இடையே புல்வெளிகள், துண்டு துண்டாக எஞ்சிய சோலைகள், நடுவில் ஆனையிறங்கல் அணையின் நீர்த்தேக்கம் என்று அமைந்த நிலம் அது. நீருக்கும் கரையோரப் புல்லுக்குமாக யானைக் கூட்டங்கள் அங்கே தலைமுறைகளாக வந்து போகின்றன. தோட்டங்களில் வேலை செய்பவர்களில் பெரும்பாலோர் தமிழ்க் குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். பன்னியாறு, சூரியநெல்லி போன்ற இடங்களில் தொழிலாளர்க்கென வரிசையாகக் கட்டிய லயன் வீடுகளில் இன்றும் தமிழ்தான் வீட்டுமொழி.

இரண்டாயிரத்தின் தொடக்க ஆண்டுகளில் கேரள அரசு இப்பகுதியில் நிலமற்ற பழங்குடிக் குடும்பங்களுக்குப் பட்டா வழங்கிக் குடியமர்த்தியது. 301 குடும்பங்களுக்கு என்று ஒதுக்கப்பட்டதால் அந்தக் குடியிருப்புக்கு 301 காலனி என்றே பெயர் நிலைத்தது. யானைகள் வழக்கமாகப் பயன்படுத்தும் இடத்தில் மக்களைக் குடியமர்த்தினால் உயிர்ச்சேதம் நேரும் என்று வனத்துறைக்கு உள்ளேயே அப்போது எச்சரிக்கை எழுந்தது. நிலம் கேட்டு ஆண்டுக்கணக்கில் போராடிய மக்களுக்கு நிலம் கிடைத்தது நியாயமே. ஆனால் கிடைத்த நிலம் யானைகளின் நடமாட்டத்திற்கு நடுவில் இருந்தது. அதன் விலையை அந்த மக்களே கொடுத்தார்கள். பலர் வீட்டை விட்டுப் போனார்கள். ஆளற்ற வீடுகளும் தரிசாகக் கிடந்த வயல்களும் மீண்டும் யானைகளின் மேய்ச்சலிடமாயின. எஞ்சியவர்களோ இரவில் கான்கிரீட் கூரைமேல் தார்ப்பாய் கட்டிப் படுக்க வேண்டிய நிலைக்குத் தள்ளப்பட்டார்கள்.

அரிசி

பன்னியாறு எஸ்டேட்டின் ரேஷன் கடை இந்த யானையின் தாக்குதலுக்குப் பலமுறை ஆளானது. உறுதியற்ற சுவரை நெற்றியால் முட்டித் தள்ளி, துதிக்கையை உள்ளே விட்டு மூட்டையை இழுத்துக் கிழிப்பதற்குக் காட்டு யானைக்குச் சில நிமிடங்கள் போதும். ஆள் கூடி விளக்கடிப்பதற்குள் தின்றவரை தின்றுவிட்டுத் தேயிலைக்குள் மறைந்துவிடும். ஆனால் அந்தக் கடையை நம்பியிருந்த தோட்டத் தொழிலாளியின் வீட்டில் அந்த மாத அரிசிக்கு வழி என்ன என்பது மறுநாள் காலைக் கேள்வி.

இதை யானையின் 'குணக்கேடு' என்று சொல்வது எளிது. அறிவியல் வேறு விதமாகச் சொல்கிறது. வளர்ந்த ஓர் ஆசிய யானைக்கு நாளொன்றுக்கு ஏறத்தாழ 150 கிலோ தழையும் புல்லும் வேண்டும். அதைத் தேடித் தின்பதிலேயே பொழுதின் பெரும்பகுதி கழிகிறது. அதே ஊட்டத்தைத் தானியம் மிகக் குறைந்த நேரத்தில் தந்துவிடுகிறது. யானை ஆய்வாளர் ராமன் சுகுமார் 1980-களில் தமிழக, கர்நாடக எல்லைக் காடுகளில் செய்த ஆய்வு, பயிர் மேய்வதில் பெண் யானைகளைவிட ஆண் யானைகளே மிக முன்னிற்கின்றன என்று காட்டியது. உடல் வலுவும் மதக்காலத்தின் வீரியமும் ஆண் யானைக்கு இனப்பெருக்க வாய்ப்பைக் கூட்டுவதால், ஆபத்து மிகுந்தாலும் ஊட்டம் மிகுந்த உணவை நாடுவது அதற்கு ஆதாயம் என்பது அவர் முன்வைத்த விளக்கம். யானையின் மோப்பமும் இங்கே சேர்ந்துகொள்கிறது. தாய்லாந்தில் நடத்தப்பட்டு 2019-இல் வெளியான ஓர் ஆய்வில், மூடிய இரண்டு வாளிகளில் எதில் சூரியகாந்தி விதை அதிகம் என்பதை ஆசிய யானைகள் முகர்ந்தே கண்டறிந்தன. அப்படிப்பட்ட மூக்குக்கு, உறுதியற்ற சுவருக்குப் பின்னே அடுக்கியிருக்கும் அரிசி மூட்டைகள் திறந்த களஞ்சியம்தான்.

சங்கத் தமிழர்க்கு இது புதிய செய்தி அன்று. புறநானூற்றின் 184ஆம் பாட்டில் பிசிராந்தையார், பாண்டியன் அறிவுடை நம்பிக்கு வரி வாங்கும் முறையைச் சொல்ல யானையைத்தான் உவமை காட்டுகிறார். விளைந்த நெல்லை அறுத்துக் கவளமாக்கிக் கொடுத்தால் 'மா' என்ற பழைய நில அளவில் ஒன்றுக்கும் குறைந்த நிலம்கூட யானைக்குப் பல நாள் உணவாகும். நூறு வயல் இருந்தாலும் யானை தானே புகுந்து மேய்ந்தால், வாயில் புகுவதைவிடக் காலடியில் அழிவது பெரிது என்பது அவர் வாதம். தினைப்புனத்தில் பரண் கட்டி, கவண்கல் எறிந்து, இரவெல்லாம் கண்விழித்து யானை ஓட்டிய மலைவாழ் மக்களின் சித்திரங்கள் குறிஞ்சிப் பாடல்கள் நெடுகக் கிடக்கின்றன. நம் மரபில் யானை வழிபாட்டுக்குரியது என்று மட்டும் சொல்பவர்கள் இந்தப் பாதியை விட்டுவிடுகிறார்கள். யானையோடு ஒரே நிலத்தில் பயிர் செய்தவர்களுக்கு அச்சமும் வியப்பும் ஒன்றாகவே இருந்தன.

நீதிமன்றமும் பூசையும்

2023 தொடக்கத்தில் கேரள வனத்துறை அரிக்கொம்பனைப் பிடித்து, காட்டு யானைகளை அடக்க உதவும் கும்கியாகப் பழக்கத் திட்டமிட்டது. விலங்குநல அமைப்புகள் உயர் நீதிமன்றத்தை நாடின. மார்ச் இறுதியில் தடை கிடைத்தது. ஒரு யானையைப் பிடித்தால் சிக்கல் தீருமா, அந்த இடத்தில் மக்களைக் குடியமர்த்தியது சரியா என்ற கேள்வியை நீதிபதிகள் எழுப்பினார்கள். முழு விவகாரத்திலும் மிகச் சரியான கேள்வி அதுவே என்பது என் கருத்து. நீதிமன்றம் அமைத்த வல்லுநர் குழு யானையைப் பரம்பிக்குளம் புலிகள் காப்பகத்துக்கு மாற்றலாம் என்று பரிந்துரைத்தது. உடனே பரம்பிக்குளத்தை ஒட்டிய முதலமடை, நெல்லியாம்பதி மக்கள் போராட்டத்தில் இறங்கினார்கள். அரசு உச்ச நீதிமன்றம் வரை சென்றும் ஏப்ரல் 17 அன்று மனு தள்ளுபடியானது. கடைசியில் பெரியாறு புலிகள் காப்பகம் முடிவானது.

ஏப்ரல் 29 அன்று, மருத்துவர் அருண் சக்கரியாவின் குழு பல முறை ஊசி செலுத்திய பிறகே யானை மயங்கியது. விக்ரம், சூர்யன், குஞ்சு, கோன்னி சுரேந்திரன் என்ற நான்கு கும்கிகள் நெருக்கி நின்று, மழைக்கும் மூடுபனிக்கும் நடுவே அதை லாரியில் ஏற்றின. கழுத்தில் ரேடியோ காலர் பூட்டப்பட்டது. இரவில் குமுளியை அடைந்தபோது, காப்பகத்தின் வாயிலில் பழங்குடி மக்கள் பூசை செய்து யானையை வரவேற்றார்கள். அரசு ஏற்பாட்டில் பூசை எதற்கு என்று சர்ச்சை எழுந்தது. அது அவர்கள் வழக்கம் என்று விளக்கம் வந்தது.

அந்தப் பூசையை நான் குறை சொல்லமாட்டேன். காட்டுக்குள் யானையைப் பெயர் சொல்லி அழைக்கத் தயங்கி, 'சாமி' என்று மட்டும் குறிக்கும் மலைவாழ் மக்கள் இன்றும் உண்டு. அவர்கள் மரியாதைக்குள் ஒரு நடைமுறை அறிவு இருக்கிறது: எதிரே வருவது தன்னைவிடப் பெரியது, அதற்கு வழிவிட வேண்டும் என்ற அறிவு. சமவெளியில் உருவான வேறு வகைப் பற்றில் அந்த அறிவைக் காணவில்லை. திருவிழா யானைகளைப் பெயர் சொல்லிக் கொண்டாடும் பண்பாடு கேரளத்தில் வலுவானது. 1976-இல் இறந்த குருவாயூர் கேசவனுக்குக் கோயில் அருகே சிலையே இருக்கிறது. அந்த உணர்வு இப்போது ஒரு காட்டு யானையின்மேல் படிந்தது. ரசிகர் குழுக்கள் தோன்றின, வழிபாடுகள் நடந்தன, சமூக வலைத்தளங்களில் அது தாயகத்திலிருந்து நாடு கடத்தப்பட்ட வீரனாயிற்று. சின்னக்கானலின் லயன் வீட்டில் இருந்தவருக்கும் நகரத்திலிருந்து அதற்காகக் கண்ணீர் விட்டவருக்கும் இடையே பேச்சே சாத்தியமில்லாமல் போனது. அந்தப் பகுதியில் யானைக் கண்காணிப்பில் தேர்ந்தவர் என்று பெயர் பெற்றிருந்த வனக் காவலர் ஒருவர் 2023 சனவரியில் பன்னியாறு பகுதியில் காட்டு யானை தாக்கி இறந்திருந்தார். அந்த மரணத்தைப் பற்றி நகரத்தில் எத்தனை பேர் பேசினார்கள்?

பல நாடுகளின் யானை

இப்படி ஒரு விலங்கைத் தூக்கிவைத்து, அதன் இனத்தை மறந்துவிடுவது நமக்கு மட்டும் உரிய பழக்கம் அன்று. இலங்கையில் கண்டி எசல பெரஹரா ஊர்வலத்தில் பல ஆண்டுகள் புத்தரின் புனிதப் பல்லுக்குரிய பேழையைச் சுமந்த ராஜா என்ற கொம்பன் யானை, மட்டக்களப்பு மாவட்டத்து ஏறாவூர்க் காட்டில் பிடிபட்டது. 1986-இல் அது நாட்டின் செல்வமாக அறிவிக்கப்பட்டது; 1988-இல் இறந்தபின் அதன் உடல் பதப்படுத்தப்பட்டு, தலதா மாளிகை வளாகத்தில் இன்றும் பார்வைக்கு இருக்கிறது. அதே தீவில் 2023ஆம் ஆண்டில் மட்டும் 400-க்கும் மேற்பட்ட காட்டு யானைகள் செத்தன. துப்பாக்கிச் சூடு, மின்வேலி, உணவுக்குள் மறைத்து வைக்கும் வெடி ஆகியவை முக்கியக் காரணங்கள்.

சியாமில், அதாவது இன்றைய தாய்லாந்தில், வெள்ளை யானை அரசரின் அறத்துக்குச் சான்று. எங்கே பிடிபட்டாலும் அது அரசருக்கே உரியது. 19ஆம் நூற்றாண்டில் அந்நாட்டுக் கொடியிலும் அது இருந்தது. மாயாதேவியின் கனவில் வெள்ளை யானை வந்து புத்தரின் பிறப்பை அறிவித்தது என்ற கதை பௌத்த நாடுகளில் அதற்குத் தந்த இடம் பெரிது. ஆப்பிரிக்காவில், இன்றைய கானாவின் அசாந்தே மக்களிடையே யானை உருவம் தாங்கிய இருக்கை மன்னருக்கு உரியது. தமிழில், கழுமலத்தில் கட்டியிருந்த யானை கருவூருக்குச் சென்று கரிகாலனைத் தேர்ந்து வந்தது என்ற மரபுச் செய்தியைப் பழமொழி நானூறு குறிக்கிறது. அரசன் இன்னான் என்று சுட்டும் உரிமையே யானையிடம் இருந்திருக்கிறது.

இவை எல்லாவற்றிலும் யானை தனியாக நிற்கிறது: ஓர் அரசன், ஒரு தெய்வம், ஒரு யானை. இயற்கையிலோ யானையின் வாழ்வு மற்ற யானைகளைச் சார்ந்தே அமைகிறது. மூத்த பெண் யானையின் நினைவில்தான் கூட்டம் நீரைத் தேடிச் செல்கிறது. பருவமடைந்ததும் பிரிந்து செல்லும் ஆண் யானையும் மற்ற ஆண்களைப் பார்த்தே எங்கே மேயலாம், எப்போது ஒதுங்கலாம் என்று கற்கிறது. 2010-இல் இந்திய அரசு யானையைத் தேசியப் பாரம்பரிய விலங்காக அறிவித்தபோது, அந்தச் சிறப்பு ஓர் இனத்துக்கும் அதன் வாழிடத்துக்கும் தரப்பட்டது என்றே எடுத்துக்கொள்ள வேண்டும்.

கம்பம் முதல் கோதையாறு வரை

ஏப்ரல் 30 அதிகாலையில் பெரியாற்றுக் காட்டில் விடப்பட்ட அரிக்கொம்பன், மே முதல் வாரத்திலேயே எல்லை தாண்டி மேகமலைப் பக்கம் வந்தது. அங்கே சுற்றுலாப் பயணிகளுக்குத் தடை விதிக்கப்பட்டது. திரும்பிக் குமுளி ஓரம் வந்து, மே 27 காலையில் கம்பம் நகருக்குள் நுழைந்தது. வரைபடத்தை விரித்துப் பார்த்தால் காரணம் ஓரளவு விளங்கும்: விடப்பட்ட காட்டுக்குத் தெற்கிலோ மேற்கிலோ போகாமல், சின்னக்கானல் இருக்கும் வடதிசை நோக்கியே அது வந்திருக்கிறது. தெருவில் ஆட்டோவைச் சாய்த்தபடி ஓடும் யானையைக் கைப்பேசியில் படமெடுக்கக் கூட்டம் கூடியது. அதைப் படம்பிடிக்கச் சிலர் டிரோன் பறக்கவிட, யானை மேலும் மிரண்டது. 144 தடை உத்தரவு போடப்பட்டது. யானையால் காயமுற்ற ஒருவர் சில நாட்களில் மருத்துவமனையில் இறந்தார்.

அடுத்து வந்த நாட்களில் யானை சுருளி, சண்முகாநதி அணைப் பகுதிகளில் தென்பட்டது. தமிழக வனத்துறை ஆனைமலை, முதுமலை முகாம்களிலிருந்து கும்கிகளை வரவழைத்தது. அவற்றில் ஒன்று முத்து. 2019-இல் பொள்ளாச்சிப் பக்கம் ஊருக்குள் புகுந்து அச்சம் விளைவித்ததால் பிடிக்கப்பட்டபோது அதற்கு மக்கள் வைத்திருந்த பெயர் அரிசி ராஜா. அரிசிக்காகப் பிடிபட்ட ஒரு யானையே அரிசிக்காகத் தேடப்பட்ட இன்னொன்றைப் பிடிக்க வந்து நின்றதைப் படித்தபோது, இந்தச் சிக்கல் எத்தனை பழையது என்பது எனக்கு உறைத்தது.

சூன் 5 அதிகாலையில் உத்தமபாளையம் அருகே யானை பிடிபட்டது. கோடை வெயிலில் லாரியில் நின்றபடி தேனியிலிருந்து திருநெல்வேலி மாவட்டம் வரை அது பயணம் செய்தபோது, சாலை நெடுக மக்கள் கூடி நின்று பார்த்தார்கள். மணிமுத்தாறு பக்கத்து மக்கள் தங்கள் மலையில் விட வேண்டாம் என்று எதிர்த்தார்கள். துதிக்கைக் காயத்துக்குச் சிகிச்சை அளிக்கப்பட்டு, மறுநாள் களக்காடு முண்டந்துறை புலிகள் காப்பகத்தின் மேல் கோதையாறு பகுதியில் விடப்பட்டது. நீர் நிறைந்த, புல் செழித்த மலை அது. 2022-இல் அறிவிக்கப்பட்ட அகத்தியமலை யானைகள் காப்பகத்தின் பகுதியும்கூட. சில நாட்களில் வெளியான காணொளியில், பிடுங்கிய புல்லை நீரில் அலசி அலசி மண் போக்கித் தின்றுகொண்டிருந்தது அந்த யானை. 2023 செப்டம்பரில் மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டங்கள் வரை வந்தாலும், பின்னர் மேலே திரும்பிவிட்டது. மனிதரைத் தேடி வரும் என்று அஞ்சியவர்களும், பட்டினியால் சாகும் என்று அழுதவர்களும் எதிர்பார்த்தபடி அது நடந்துகொள்ளவில்லை.

இதை வெற்றி என்று கொள்ளலாமா? இந்த ஒரு யானையின் அளவில் கொள்ளலாம். ஆனால் இடமாற்றம் பொதுவாகத் தரும் விளைவு வேறு. இலங்கையில் பிரித்திவிராஜ் பெர்னாண்டோவின் குழு, இடம் மாற்றப்பட்ட 12 ஆண் யானைகளைக் காலர் பூட்டித் தொடர்ந்து, 2012-இல் முடிவை வெளியிட்டது. சில பழைய இடத்துக்கே திரும்பின, சில எங்கும் நிலைக்காமல் அலைந்தன, சில புதிய இடத்தின் அருகே நிலைத்தன. மோதலும் யானைகளின் சாவும் கூடியதுதான் மிச்சம் என்பது அவர்கள் முடிவு. தமிழ்நாட்டில் சின்னத்தம்பியை நாம் மறக்கவில்லை. 2019 சனவரி 25 அன்று கோவை தடாகம் பக்கத்தில் பிடித்து டாப்ஸ்லிப் அருகே விடப்பட்ட அந்த யானை, சில நாட்களிலேயே உடுமலைப்பேட்டைப் பக்கத்துக் கரும்பு வயல்களுக்கு இறங்கியது. பிப்ரவரி 15 அன்று மீண்டும் பிடிபட்டு முகாம் யானையாயிற்று.

எஞ்சிய சின்னக்கானல்

அரிக்கொம்பனைக் கொண்டுபோன பிறகும் சின்னக்கானலில் யானைகள் இருந்தன. 2024 சனவரியில் பன்னியாறு பகுதியில் தோட்டத் தொழிலாளி ஒருவர் யானை தாக்கி இறந்தார். அதே ஆண்டு செப்டம்பரில் முறிவாலன் என்ற ஆண் யானை, சக்கக்கொம்பன் என்ற இன்னோர் ஆண் யானையோடு நடந்த சண்டையில் பட்ட காயத்தால் செத்தது. ஒரு வலிய ஆண் யானை அகற்றப்பட்டதற்கும் மற்றவற்றின் நடத்தைக்கும் தொடர்பு உண்டா என்பதை முறையாக ஆராயாமல் எதுவும் சொல்ல முடியாது. ஆராய வேண்டியது வனத்துறையின் கடமை. யானையை அகற்றியது நிலத்தின் சிக்கலைத் தொடவில்லை என்பதை மட்டும் இப்போதே சொல்லிவிடலாம்.

இதே போன்ற நிலம் தமிழ்நாட்டில் வால்பாறையில் இருக்கிறது. 220 சதுர கிலோமீட்டர் அளவுள்ள தேயிலை மேட்டுநிலம், சுற்றிலும் ஆனைமலைக் காடு, லயன் வீடுகளில் தமிழ்த் தொழிலாளர்கள், ரேஷன் கடையையும் சத்துணவுக் கூடத்தையும் உடைக்கும் யானைகள். அங்கே ஆனந்தகுமாரும் அவருடைய சக ஆய்வாளர்களும் யானைக் கூட்டங்களின் நடமாட்டத்தை நாள்தோறும் பதிந்து, மாலையில் குறுஞ்செய்தியாகவும் உள்ளூர்க் கேபிள் தொலைக்காட்சியில் ஓடும் வரியாகவும் மக்களுக்கு அறிவித்தார்கள். வேலை முடிந்து இருட்டில் பேருந்தை விட்டு இறங்குபவர் கண்ணில் படும்படி சிவப்பு விளக்குகளை நிறுத்தி, அவற்றைக் கைப்பேசி வழியாக எரியவிடும் பொறுப்பை ஊர்க்காரர்களிடமே கொடுத்தார்கள். யானை தாக்கி மனிதர் இறப்பது அங்கே குறைந்தது. இந்த ஏற்பாட்டில் எந்த யானையும் நாயகனாகவோ வில்லனாகவோ ஆக்கப்படவில்லை. எந்த யானைக்கும் மயக்க ஊசி தேவைப்படவும் இல்லை.

சின்னக்கானலுக்கு வேண்டியவையும் இத்தகையவையே. அரிசியை எஸ்டேட் நடுவே குவித்து வைக்காமல் வண்டியில் கொண்டுவந்து அன்றன்றே பிரித்துக் கொடுக்கலாம். வைத்தே ஆகவேண்டிய இடத்தில் சுவரை உறுதியாக்கிச் சூரிய மின்வேலி போடலாம். ஆனையிறங்கல் நீர்த்தேக்கத்துக்குக் கூட்டங்கள் இறங்கும் பாதைகளை அளந்து, அவற்றில் புதுக் கட்டடம் எழாமல் தடுக்கலாம். 301 காலனியில் இன்னும் வாழ்பவர்களில் வெளியேற விரும்புவோருக்கு, பயிரிடத் தகுந்த மாற்று நிலத்தை அவர்கள் சம்மதத்தோடு தர வேண்டும். இருக்க விரும்புவோருக்குப் பாதுகாப்பான வீடும், மாலை நேர எச்சரிக்கையும், இழப்பீடு தாமதமின்றிக் கைக்கு வரும் ஏற்பாடும் வேண்டும். இவற்றுள் எதற்கும் மூன்று நீதிமன்றங்கள் தேவையில்லை. ஓர் ஊராட்சியும், தோட்ட நிர்வாகமும், வனச்சரக அலுவலகமும், குடிமைப்பொருள் வழங்கல் துறையும் ஒரே மேசையில் உட்கார்ந்தால் தொடங்கிவிடலாம்.